நூல் கொடுப்பவர் யார்?

ஒரு மண்டபம். இறந்தோர் தங்கும் மண்டபம். ஊழிகள் உருளுந்தோறும் அது விரிந்துகொண்டே போகிறது. அதன் சுவர்களில் சாந்தும் இல்லை, சுண்ணமும் இல்லை. மேலிருந்து கீழ்வரை தொங்குபவை திரைச்சீலைகள். ஒவ்வொரு சீலையிலும் ஒரு கதை! மன்னன் முடிசூடிய கதை, மறவன் மடிந்த கதை, நகரம் எழுந்த கதை, எழுந்த நகரம் எரிந்த கதை. காலத்தில் நடந்து முடிந்த அனைத்தும் அங்கே இழையாக ஓடி, உருவாகத் திரண்டு, ஓவியமாக நிற்கின்றன. நெய்தவள் ஒருத்தி. அவள் பெயர் வைரே. உலகம் உள்ளளவும் அவள் தறி ஓய்வதில்லை.

அப்படி ஒரு மண்டபம் எங்கே இருக்கிறது? எங்கும் இல்லை! அப்படி ஒருத்தி என்று வாழ்ந்தாள்? என்றுமே இல்லை! ஆங்கில நாட்டின் ஆக்ஸ்ஃபோர்டுப் பல்கலைக்கழகத்தில் மொழிப் பேராசிரியராக விளங்கிய டோல்கீன், தம் சிந்தையிலே படைத்துக்கொண்ட உலகம் அது. 1892-இல் தென்னாப்பிரிக்காவிலே பிறந்து, 1973-இல் மறைந்தவர் அவர். முதல் உலகப் போரில், 1916-ஆம் ஆண்டு, பிரான்சு நாட்டின் சோம் ஆற்றுப் போர்க்களத்திலே நின்றவர். அந்த ஆண்டு முடிவதற்குள் உயிர் நண்பர் இருவரைப் போருக்குப் பலிகொடுத்தவர். துப்பாக்கிப் புகை மணம் மாறுமுன்னரே அவர் புனையத் தொடங்கிய கதைகள், அவர் மறைந்தபின் 1977-இல், மகன் கிறிஸ்டோபர் தொகுத்தளிக்க, 'சில்மரில்லியன்' என்னும் நூலாக வெளிவந்தன. அந்த நூலில் வைரேக்குக் கிடைத்த இடம் இரண்டொரு வரிதான். அந்த இரண்டொரு வரியை வைத்துக்கொண்டுதான் இன்று நாம் பேசப்போகிறோம்.

"பகுத்தறிவு பேசும் நமக்கு இந்தப் பாட்டிக் கதை எதற்கு?" என்று கேட்கும் நண்பர்கள் உண்டு. நியாயமான கேள்வி! நாம் கூறும் விடை இது: கதை சொல்வது குற்றமன்று, கதையைக் கதையென்று சொல்லாமல் மறைப்பதே குற்றம். டோல்கீன் தம் உலகத்தைப் புனைவு என்று கூறியே நம் கையில் தந்தார். வைரேக்குக் கோயில் எழுப்பியவர் இல்லை. குடமுழுக்கு நடத்தியவர் இல்லை. அவள் பெயரைச் சொல்லி, "எட்டி நில்" என்று மனிதனை மனிதன் விரட்டியதில்லை. அவள் சீலையைக் காட்டி, "உன் இடம் இதுதான்" என்று உழைப்பவனை ஒடுக்கியதில்லை. ஆகவே அச்சமின்றி அவளை நெருங்கலாம், உரைத்துப் பார்க்கலாம், வேண்டுவதைக் கொண்டு வேண்டாததைத் தள்ளலாம். கும்பிடச் சொல்லும் கதையிடம் இந்த உரிமை கிடைப்பதில்லை.

டோல்கீன் ஆழ்ந்த கத்தோலிக்கர். அவர் நம்பிக்கை நம் நம்பிக்கையன்று. எனினும், கடவுளை நம்பும் ஒருவர், தாமே சமைத்த உலகில், தாம் விரும்பியவாறு விதியை வகுக்கலாம் என்ற முழு உரிமையோடு உட்கார்ந்தபோது என்ன வகுத்தார்? அதைக் காண்பது நமக்குப் பயன் தரும்.

* * *

வாழ்வைத் தறியாகக் கண்டவர்கள் டோல்கீனுக்கு முன்பே பலர். கிரேக்கர் மூன்று கிழவியரைக் கண்டனர். குளோத்தோ நூல் நூற்பாள், லக்கேசிஸ் அளந்து கொடுப்பாள், அத்ரோப்பஸ் அறுத்தெறிவாள். வட ஐரோப்பியர் ஊர்த், வெர்தந்தி, ஸ்குல்த் என்னும் மூவரைக் கண்டனர். வாழ்வின் ஊழை வகுப்பது அவர்கள் தொழில். ஐஸ்லாந்து நாட்டுப் பழங்கதை ஒன்று அதனினும் கொடியது. 1014-இல் அயர்லாந்தில் நடந்த கிளாண்டார்ஃப் போரையொட்டிப் பெண்கள் சிலர் தறியமைத்து நெய்கின்றனராம். பாவு எது? மனிதக் குடல்! பாவை இழுத்துப் பிடிக்கும் எடை எது? மனிதத் தலைகள்! ஊடையைத் தட்டி இறுக்கும் கோல் எது? வாள்! களத்திலே யார் விழுவது, யார் எழுவது என்பதைத் தறியிலேயே தீர்த்துவிடுகின்றனர்.

நம் நாட்டு மகாபாரதமும் இதற்கு விலக்கன்று. ஆதிபருவத்திலே உதங்கன் என்னும் மாணவன் நாகருலகம் செல்கிறான். அங்கே இரு பெண்கள் தறியில் அமர்ந்து கறுப்பு நூலும் வெள்ளை நூலும் கொண்டு நெய்வதைப் பார்க்கிறான். கறுப்பு இரவு, வெள்ளை பகல். பக்கத்திலே பன்னிரண்டு ஆரமுள்ள சக்கரம் ஒன்று. ஆறு சிறுவர்கள் அதைச் சுழற்றுகின்றனர். ஆறு பருவமும் பன்னிரு திங்களும்! இரவையும் பகலையும் நெய்யும் அந்தப் பெண்களின் பெயரைக் கேளுங்கள்: தாதா, விதாதா. தலையில் எழுதுபவன் என்று நம் மக்கள் யாரைச் சொல்லி நெற்றியைத் தட்டிக்கொள்கிறார்களோ, அந்த விதாதாவின் பெயரே தறியிலும் உட்கார்ந்திருக்கிறது!

அண்மைக் காலப் புனைவிலும் இத்தறி ஓயவில்லை. அமெரிக்க எழுத்தாளர் இராபர்ட் ஜோர்டான் 1990-இல் தொடங்கி, 2007-இல் அவர் மறைந்தபின் வேறொருவரால் 2013-இல் முடிக்கப்பட்ட 'காலச்சக்கரம்' என்னும் பதினான்கு தொகுதிக் கதையில், சக்கரமே நெய்கிறது. மனித உயிர்கள் அதற்கு இழைகள். ஏழு ஊழிகள் வருவதும் போவதும் மீண்டும் வருவதுமாக அது சுற்றிக்கொண்டே இருக்கிறது.

இத்தனை தறிகளுக்கும் பெரும்பாலும் பொதுவாக உள்ள கருத்து என்ன? துணி முதலில், வாழ்வு பிறகு! தீர்ப்பு முதலில், வழக்கு பிறகு!

இப்போது வைரேயிடம் வாருங்கள். அவள் நெய்வது எதை? நடக்கப்போவதையா? அன்று! நடந்ததை! காலத்தில் உண்மையாகவே நிகழ்ந்தவை எவையோ அவற்றை மட்டும். ஒருவன் வாளோங்குமுன் அவன் வாளோங்கிய சீலை அவள் தறியில் இல்லை. ஓங்கினான், வெட்டினான், அதன் பின்னரே இழை ஓடுகிறது. செயல் முன்னே நடக்க, தறி பின்னே வருகிறது.

அவள் கணவன் மாண்டோஸ், இறந்தோர் இல்லத்தின் காவலன், தீர்ப்புரைப்பவன். எதையும் மறவாதவன், வரவிருப்பவற்றிலும் பெரும்பகுதியை அறிந்தவன். ஆனால் அவனுக்கும் டோல்கீன் ஓர் எல்லை வைத்தார். படைத்தவன் தன் உரிமையில் இன்னும் கட்டவிழ்த்து வைத்திருப்பவை அவனுக்குத் தெரியா. இன்னொன்றும் சொன்னார். உலகம் தோன்றுமுன் வானவர் பாடிய இசையொன்று உண்டு. அவ்வுலகில் மற்ற அனைத்திற்கும் அதுவே ஊழ். மனிதர்க்கு மட்டும் அது ஊழன்று! அந்த இசையின் கட்டையும் கடந்து, தம் வாழ்வைத் தாமே வனைந்துகொள்ளும் ஆற்றல் மனிதர்க்குத் தரப்பட்டது. கடவுளை நம்பியவர், வானவரைப் படைத்தவர், காலத்துக்கே ஒரு நெசவாளியை அமர்த்தியவர், மனிதனின் கழுத்தில் மட்டும் ஊழ் என்னும் கயிற்றை மாட்ட மறுத்துவிட்டார்!

* * *

இந்தக் கதையை ஒரு மாலையில் நம் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொன்னோம். நாம் ஆசிரியப் பணி ஏற்ற இரண்டாம் ஆண்டு அது. தெருவில் பாவு விரித்துக் கஞ்சி தோய்க்கும் ஊர். காலையில் பள்ளி மணிக்கு முன்பே தறியோசை எழும் ஊர். தறி என்றால் என்ன என்று விளக்க வேண்டிய தேவை நமக்கு இருக்கவில்லை. சீலைகள் தொங்கும் மண்டபத்தை நாம் வருணித்து முடித்ததும், ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருத்தி எழுந்தாள். நெசவாளி வீட்டுப் பெண்.

"சார், எங்கப்பாவுக்கு முதலாளி நூல் கொடுப்பாரு. அந்தம்மாவுக்கு யாரு சார் நூல் கொடுக்குறது?"

வகுப்பு சிரித்தது. நாமும் சிரித்தோம். பிறகு சிரிப்பு அடங்கியது, கேள்வி அடங்கவில்லை. கிரேக்கர் கேட்காத கேள்வியை, பாரதம் கேட்காத கேள்வியை, கூலிக்கு நெய்பவன் மகள் கேட்டுவிட்டாள். நெய்பவளைப் பார்த்து எல்லோரும் வியந்தார்கள். நூலைப் பார்த்தவள் இவள்தான். அன்று நாம் சொன்ன விடை: "நாம்தானம்மா. நாம் செய்வதுதான் அவளுக்கு நூல். நாம் செய்யாததை அவளால் நெய்ய முடியாது." நல்ல விடை என்று நம்மை நாமே மெச்சிக்கொண்டோம்.

மூன்று மாதம் கழிந்தது. அந்தப் பெண் பள்ளிக்கு வருவது நின்றது. இரண்டு வாரம் பார்த்துவிட்டு, வீடு தேடிப் போனோம். தறிக்குழியில் தகப்பனார், பக்கத்தில் ஊடைக்கு நூல் சுற்றிக்கொண்டு அவள். நம்மைக் கண்டதும் தலையைக் குனிந்துகொண்டாள். தகப்பனார் மரியாதை மிக்கவர். எழுந்து வந்தார், அமரச் சொன்னார், தேநீர் வாங்கிவரச் சொன்னார். பிறகு மெல்லச் சொன்னார்: "அவ தலையில அவ்வளவுதான் எழுதியிருக்குங்க சார்."

நாம் என்ன செய்தோம்? மேடையிலே விதியை வெட்டிச் சாய்த்த நாம், வகுப்பிலே வைரேயைக் கொண்டுவந்து நிறுத்திய நாம், அந்த ஒரு வாக்கியத்தின் முன்னே வாயடைத்து நின்றோம். தேநீரைக் குடித்தோம். தலையை ஆட்டினோம். திரும்பி வந்தோம்! அவர் சொன்னதை நாம் நம்பவில்லை. ஆனால் நம்பியவன் எப்படி நடப்பானோ அப்படியே நடந்தோம். விதியை வாயால் மறுப்பது எளிது, தோழர்களே! வாசற்படியில் மறுப்பதுதான் அரிது.

* * *

"விதி" என்ற சொல்லால் யாருக்கு என்ன கிடைக்கிறது? எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஏழைக்குக் கிடைப்பது கொஞ்சம் ஆறுதல். அதை நாம் ஏளனம் செய்யமாட்டோம். அடிபட்டவன் முனகுவதைப் பார்த்து நகைப்பது பகுத்தறிவன்று. தன் மகளின் படிப்பைத் தானே முறித்தோம் என்ற குத்தலைத் தாங்க முடியாத தகப்பன், அந்தச் சுமையை ஓர் எழுத்தின்மீது இறக்கி வைக்கிறான். ஆனால் வலியவனுக்குக் கிடைப்பது ஆறுதலன்று, விடுதலைப் பத்திரம்! முன்பணக் கணக்கில் வட்டி ஏற்றியவனை அந்தச் சொல் மறைத்துவிடுகிறது. கூலியைக் குறைத்தவனை மறைத்துவிடுகிறது. கல்வி உதவித்தொகை விண்ணப்பத்தை மேசைமேல் உறங்கவிட்டவனை மறைத்துவிடுகிறது. தேநீர் குடித்துவிட்டுத் திரும்பிய ஆசிரியனையும் அது மறைத்துவிடுகிறது.

பேரறிஞன் பிளாட்டோவும் இந்தப் படுகுழியில் இறங்கியவன்தான். 'குடியரசு' நூலின் இறுதியில் ஏர் என்னும் போர்வீரனின் கதையைச் சொல்கிறான். களத்தில் மாண்ட ஏர், பன்னிரண்டாம் நாள் சிதையிலிருந்து எழுந்து, மேலுலகில் கண்டதை விளம்புகிறான். கட்டாயம் என்னும் தேவியின் மடியில் ஒரு கதிர் சுழல்கிறது. அவள் மகளிராகிய மூன்று ஊழ்த்தேவியர் சூழ அமர்ந்திருக்கின்றனர். உயிர்கள் வரிசையாக வந்து, தம் அடுத்த பிறவியைத் தாமே தெரிந்தெடுக்கின்றன. தெரிந்தது நூலில் முடியப்பட்டு மாற்ற முடியாததாகிறது. பிறகு மறதியாற்று நீரைக் குடித்து, எடுத்ததையே மறந்து, பிறக்கின்றன. பொறுப்பு எடுத்தவனுடையது, கடவுள்மேல் குற்றமில்லை என்று அறிவிப்பும் செய்யப்படுகிறது.

வாழ்வைத் தெரிந்தெடுக்கும் பொறுப்பை மனிதனுக்கு உணர்த்தவே பிளாட்டோ இதைச் சொன்னான் என்பர். இருக்கலாம். ஆனால் பசித்தவன் காதில் இது எப்படி ஒலிக்கும்? "உன் வறுமையை நீயே கேட்டு வாங்கினாய், கேட்டதை மறந்துவிட்டாய்!" முற்பிறவி வினை என்று இங்கே ஓதப்பட்டதன் உடன்பிறப்பு இது. நினைவில்லாத குற்றத்துக்குத் தண்டனை. மறுக்க முடியாத சான்று. மேல்முறையீடு இல்லாத மன்றம்! இதற்குத் தத்துவம் என்று பெயர் சூட்டியது அறிவின் பெருமையன்று; அறிவின் அயர்வு.

உண்மையில் விதி என்பது என்ன? முடிந்த துணியைப் பார்த்துவிட்டு, இது முன்பே நெய்யப்பட்டிருந்தது என்று சொல்வது. அவ்வளவே. நடந்தபின் எவரும் சொல்லலாம். நடக்குமுன் எவரும் காட்டியதில்லை.

* * *

இங்கே எதிர்ப்புறத்திலிருந்து ஒரு நேர்மையான கேள்வி வரும். அதை நாம் ஒதுக்கிவிட்டுப் போகக்கூடாது.

"பிறந்த வீட்டை நீ தேர்ந்தாயா? தாய்மொழியைத் தேர்ந்தாயா? உடலின் வலிமையைத் தேர்ந்தாயா? உன் அறிவியலே எல்லாவற்றுக்கும் காரணம் உண்டு என்கிறதே! 1814-இல் பிரெஞ்சுக் கணித மேதை லாப்லாஸ் எழுதவில்லையா, உலகின் அத்தனை அணுக்களின் நிலையையும் விசையையும் அறிந்த ஓர் அறிவு இருக்குமானால் அதற்கு எதிர்காலமும் இறந்தகாலம் போல் தெளிவாகத் தெரியும் என்று? அப்படியானால் விதிக்கும் காரணத்துக்கும் வேறுபாடு என்ன?"

வேறுபாடு உண்டு, மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு! பாவு நம் கையில் இல்லை, ஒப்புக்கொள்கிறோம். நாம் வந்து அமருமுன்பே தறியில் பாவு பூட்டியிருக்கிறது: பிறப்பு, வறுமை, வரலாறு. ஊடை நம் கையில் இருக்கிறது. விதி சொல்கிறது: நீ என்ன செய்தாலும் முடிவு ஒன்றே. காரணம் சொல்கிறது: நீ செய்வது மாறினால் முடிவும் மாறும். விதியின் முன் கும்பிடலாம், குமுறலாம், வேறொன்றும் இயலாது. காரணத்தின் முன் கருவியெடுக்கலாம்! லாப்லாஸ் கண்ட காரணச் சங்கிலி உண்மையென்றே கொண்டாலும், அச்சங்கிலியில் நம் சிந்தனையும் ஒரு கண்ணி, நம் முயற்சியும் ஒரு கண்ணி. நாம் கைகட்டி நின்றால் அதுவும் ஒரு காரணமே. விளைவு அதற்கேற்பவே வரும்.

பெரியம்மையைப் பாருங்கள். எத்தனை நூற்றாண்டுகள் அது விதியாக இருந்தது! தெய்வத்தின் சீற்றமென்று அஞ்சி, வேப்பிலை கட்டி, முத்துப் போட்டது என்று அடக்கமாகப் பெயர் சொல்லி, கண்ணிழந்த பிள்ளைகளைக் கைப்பிடித்து நடத்தினோம். 1796-இல் எட்வர்டு ஜென்னர் என்னும் ஆங்கில மருத்துவர், மாட்டம்மை கண்டவருக்குப் பெரியம்மை வருவதில்லை என்ற நாட்டுப்புறப் பேச்சைச் சோதனைக்கு உட்படுத்தினார். விதி அன்று முதல் காரணமாயிற்று. காரணம் கையில் கிடைத்ததும் உலகம் ஊசியை எடுத்தது. இந்தியாவில் 1975-க்குப் பின் அந்நோய் இல்லை. 1977-இல் சோமாலியாவில் இயற்கையாகத் தோன்றிய கடைசி நோயாளியைக் கண்டனர். 1980-இல் உலக நலவாழ்வு நிறுவனம் அது ஒழிந்தது என்று அறிவித்தது. எந்த எழுத்தை யார் அழித்தார்? எழுத்தே இல்லை! கிருமி இருந்தது. அதை அழித்தார்கள்.

தறியிலிருந்தே இன்னொரு சான்று. பிரான்சு நாட்டின் லியோன் பட்டுக்குப் பெயர்போன நகரம். அங்கே பிறந்த ஜக்கார்டு 1804-இல் புதியதொரு நெசவுப் பொறியை அமைத்தார். துளையிட்ட அட்டைகள் கோவையாகத் தொங்கும். துளை இருக்கும் இடத்தில் ஓர் இழை எழும், இல்லாத இடத்தில் எழாது. பூவும் கொடியும் முன்பே அட்டையில் துளையாகிவிட்டன. நெசவாளி அவற்றை மாற்ற முடியாது. மிதிக்கலாம், ஓடத்தை வீசலாம், அட்டை சொன்ன பூ அட்டை சொன்னவாறே மலரும். விதிக்கு இதைவிடச் சிறந்த உவமையை எந்த வேதாந்தியும் தரமாட்டான்!

அந்த அட்டைகளின் கீழே நாள் முழுதும் குனிந்து கிடந்தவர்களே, 1831-ஆம் ஆண்டு நவம்பரில் நிமிர்ந்தார்கள். துண்டுக்கு இன்ன கூலி என்று முறைப்படி ஒத்துக்கொள்ளப்பட்ட விகிதத்தை முதலாளிகள் சிலர் தரமறுத்தபோது, தெருவில் இறங்கினார்கள், நகரையே கைப்பற்றினார்கள். அரசு பெரும்படையை ஏவியது. டிசம்பர்த் தொடக்கத்தில் நகரம் மீண்டும் அரசின் கைக்குப் போயிற்று. கூலி விகிதமும் ஒழிக்கப்பட்டது. 1834-இல் மறுபடியும் எழுந்தார்கள், மறுபடியும் ஒடுக்கப்பட்டார்கள். தோற்றார்கள் என்பது உண்மை. ஆயின் தொழிலாளர் சங்கம் கூடாது என்றிருந்த அதே பிரான்சில், 1884-இல் சங்கம் அமைக்கும் உரிமை சட்டமாயிற்று. லியோன் தெருவில் சிந்திய குருதி அந்தச் சட்டத்தின் பாவிலே ஓடிய இழைகளுள் ஒன்று. பட்டின் பூவுக்கு அட்டை இருந்தது. அந்த எழுச்சிக்கு எந்த அட்டையில் துளையிட்டிருந்தது?

* * *

இதுவரை கேட்ட நண்பர்கள் மகிழ்ந்திருப்பீர்கள்: விதி இல்லை, விடுதலை உண்டு என்று. அவசரப்படாதீர்கள். வைரேயின் தறிக்கு இன்னொரு முகம் உண்டு. அது அச்சம் தரும் முகம்.

அவள் நடக்கப்போவதை நெய்வதில்லை, சரி. ஆனால் நடந்ததைப் பிரிப்பதும் இல்லை! கிரேக்கக் காவியத்தில் பெனலோப்பி என்னும் அரசி, பகலில் நெய்து இரவில் பிரித்தாள். தன்னை மணக்கத் துடித்த கயவர் கூட்டத்தை மூன்றாண்டு அப்படி ஏய்த்து நிறுத்தினாள். காலத்தையே கையால் பிடித்து நிறுத்திய மானிடப் பெண் அவள். அவள் அறிவை வாழ்த்துவோம். வைரேயின் வீட்டில் அந்த இரவு வருவதில்லை. ஓடிய இழை ஓடியதுதான்.

டோல்கீனின் கையெழுத்துப் படிகளிலிருந்து 1993-இல் வெளியிடப்பட்ட ஒரு தொகுதியில் மிரியல் என்பவளின் பிற்கதை வருகிறது. கைத்தையலில் இணையற்றவள், ஃபின்வே என்னும் மன்னனின் துணைவி. ஃபியனோர் என்னும் மகனைப் பெற்றதில் தன் ஆற்றல் முழுவதும் வடிந்து, வாழ விருப்பமின்றி உயிர் நீத்தாள். அந்த மகன் வளர்ந்தான், பேரறிவாளன் ஆனான், பெருஞ்சினத்தன் ஆனான், தான் சமைத்த மணிகளை மீட்கச் சூளுரைத்தான், கப்பல் தரமறுத்த தன் இனத்தாரையே துறைமுகத்தில் வெட்டிச் சாய்த்தான். ஊழிக்காலத் துயரத்துக்கு அவன் சூள் வித்தாயிற்று. நெடுங்காலம் கழித்து மிரியல் மீண்டும் உடல்பெற்று எழுந்து வைரேயின் இல்லம் புகுகிறாள். அவளுக்குக் கிடைத்த பணி என்ன? தன் குடியின் வரலாற்றை நெய்வது!

எண்ணிப் பாருங்கள். தாய் தறியில் அமர்கிறாள். மகனின் அறிவையும் நெய்ய வேண்டும். அவன் கை கொன்ற கொலையையும் நெய்ய வேண்டும். ஓர் இழையை விட்டுவிட அவளுக்கு உரிமையில்லை. ஒரு செந்நிறத்தை வெண்ணிறமாக்க வழியில்லை. இதனினும் கடுமையான வரலாற்றுப் பாடத்தை நாம் எந்த ஏட்டிலும் கண்டதில்லை. நம் குலம், நம் ஊர், நம் கட்சி, நம் தலைவர் என்று வரும்போது எத்தனை இழைகளை நாம் ஓசையின்றி உருவி எறிகிறோம்! பகைவன் குற்றத்தைப் பத்து முழம் நெய்து, நம் குற்றத்தைப் பாவிலேயே மறைக்கிறோம். மிரியல் அப்படிச் செய்யவில்லை. தாயால் முடிந்தது, தோழர்களே, நம்மால் முடியாதா?

சமயம் இந்த இடத்தில்தான் மக்களுக்கு ஒரு மலிவுச் சரக்கை விற்கிறது. முழுக்குப் போடு, கழிந்துவிடும். காணிக்கை கொடு, கரைந்துவிடும். பரிகாரம் செய், பறந்துவிடும்! விதியென்று சொல்லி நாளையைப் பூட்டிவிட்டு, பரிகாரமென்று சொல்லி நேற்றைத் திறந்துவிடுகிறது. உண்மை நேர்மாறானது. நேற்று பூட்டியது, நாளை திறந்தது. செய்த தீமையைக் கழுவ நீர் இல்லை. அதன் பக்கத்தில் நன்மையொன்றை நெய்ய இடம் மட்டும் உண்டு. பகுத்தறிவு தரும் விடுதலை சுமையற்ற விடுதலையன்று. மேலே எழுதியவன் இல்லையென்றால், எழுதியது நாம்தானே! அந்தப் பொறுப்பைத் தோளில் ஏற்காதவன் கடவுளை மட்டும் மறுத்துவிட்டு விதியைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டவன்.

* * *

அந்தப் பெண்ணிடம் திரும்புவோம்.

தேநீர் குடித்துத் தலையாட்டிவிட்டு வந்த நாம், மறுபடியும் அந்த வாசலுக்குப் போக ஆறு வாரம் ஆயிற்று. வேலை இருந்தது, தேர்வுத்தாள் இருந்தது என்றெல்லாம் சொல்லலாம். உண்மையில் வெட்கமே இருந்தது. மறுபடி போனபோது விதியைப் பற்றிப் பேசவில்லை. "என்ன கடன்? எவ்வளவு? யாரிடம்?" என்று கேட்டோம். அரைமணி நேரத்தில் தலையெழுத்து முழுதும் படித்தாயிற்று! முதலாளியிடம் வாங்கிய முன்பணம், தாய்க்கு நோய், ஒரு சேலை தவணைக்கு முடிய இன்னொரு ஜோடிக் கை தேவை, மகள் வீட்டிலிருந்தால் வேலைக்காரக் கூலி மிச்சம். அவ்வளவுதான் பிரமன் எழுதியது. அதில் ஒவ்வொரு வரிக்கும் ஒரு தொகை இருந்தது; ஒரு விண்ணப்பம் இருந்தது; தட்டவேண்டிய ஒரு கதவு இருந்தது. சில கதவு திறந்தன, சில திறக்கவில்லை. தாயின் மருத்துவத்தை அரசு மருத்துவமனைக்கு மாற்றினோம். நூல் சுற்ற மாலையில் மட்டும் உட்காருவாள் என்று தகப்பனார் ஒப்பினார். ஒரு திங்கட்கிழமை அவள் வகுப்பறை வாசலில் வந்து நின்றாள்.

வெற்றி முரசு கொட்ட நாம் இதை எழுதவில்லை. கணக்கில் அவள் பின்தங்கிவிட்டாள்; இன்றும் அந்த இடைவெளி முழுதும் அடையவில்லை. தவறிய வாரங்கள் மொத்தம் ஒன்பது. அவற்றுள் கடன் கவர்ந்தது எத்தனை, வறுமை கவர்ந்தது எத்தனை என்று பிரித்துக்காட்ட நம்மால் இயலாது. ஆனால் முதல் தடவைக்கும் மறு தடவைக்கும் இடையே கழிந்த ஆறு வாரம் யாருடையது என்பது நமக்குத் தெரியும். அது தாதா நெய்ததன்று; விதாதா நெய்ததன்று; நாம் நெய்தது. வைரே என்றொருத்தி இருந்தால், அவள் சீலையில் அந்த ஆறு வாரத்தின் இழை நம் பெயரில் ஓடும். எந்தப் பரிகாரமும் அதை உருவாது.

வைரே இல்லை. ஆகவே அந்தச் சீலையை நெய்ய வேண்டியவர்களும் நாமே. டோல்கீனின் கதையில் அவள் நெய்தவை தொங்குவது இறந்தோர் மண்டபத்தில். நம் சீலைகள் தொங்கவேண்டியது இருப்போர் கண்முன்னே, பள்ளிச் சுவரில், ஏட்டில், மேடையில். செய்தவற்றை மறைக்காமல் நெய்வோம். செய்யத் தவறியவற்றையும் நெய்வோம். "எழுதியது இவ்வளவுதான்" என்று எவரேனும் நெற்றியைத் தட்டும்போது, தலையாட்டிவிட்டுத் திரும்பாமல், "எவ்வளவு? யாரிடம்?" என்று கேட்டு அங்கேயே உட்காருவோம்.

நூல் கொடுப்பவர் யார் என்று ஒரு சிறுமி கேட்டாள். விடை அன்றும் நமக்குத் தெரிந்திருந்தது. அதற்கு நாம் கொடுத்த விலை ஆறு வாரம். கொடுத்தது அவள் கணக்கிலிருந்து. உங்கள் ஊரில் இன்று ஒரு பிள்ளை பள்ளிக்கு வரவில்லை என்றால், தோழர்களே, அந்த வீட்டு வாசலுக்கு முதல் வாரமே போய்விடுங்கள்.